ஜெர்மன் அப்பாவுக்கு நான் குரல் கொடுத்த ஞாயிறு

கறுப்பு வெள்ளைத் திரையில் ஒரு குண்டு மனிதர் அடுப்புக்கு முன்னால் நின்றுகொண்டிருந்தார். தலையில் ஸ்டேஷன் மாஸ்டர் தொப்பி. இடுப்பில் பூப்போட்ட பொம்பளை ஏப்ரன். பானையில் ஏதோ சூப்பு. அது பொங்கி வழிந்தது. மனிதர் வெறுங்கையால் மூடியை எடுத்துச் சுட்டுக்கொண்டு, மூடியை ஜன்னல் வழியாக வீசினார். வெளியே ஒரு நாய் கத்தியது.

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சிரித்தேன். சுவருக்கு அந்தப் பக்கத்திலிருந்தும் சிரிப்புச் சத்தம் கேட்டது.

பக்கத்து வீட்டில் எதையோ பார்க்கிறார்கள் என்று நினைத்தேன். மனிதர் வழிந்த சூப்பைத் துடைக்கத் துணி கிடைக்காமல் தொப்பியைக் கழற்றித் துடைத்தார். அப்போது வாசலில் யாரோ மேலதிகாரி வந்து நிற்கவும், அதே தொப்பியைத் தலையில் போட்டு சல்யூட் அடித்தார். நெற்றியிலிருந்து சூப்பு இறங்கியது.

இந்தத் தடவை சிரிப்பு பக்கத்து வீட்டில் ஆரம்பித்து, எதிர்வீட்டுக்குப் போய், மாடிக்கு ஏறி, சந்து முனை வரை ஓடியது.

மெதுவாகத் தலையைத் தூக்கி மேலே பார்த்தேன். வீடுகளுக்கு என்ன போகிறதென்று காட்டுகிற சின்ன டிவி அங்கே மாட்டியிருக்கும். அதில் அதே குண்டு மனிதர். அதே சூப்பு.

நான் செய்கிற வேலை

இந்தத் தொடரை இந்த வாரம்தான் படிக்கத் தொடங்கியவர்களுக்காக ஒரு வார்த்தை. நான் தாராவியில் கேபிள்காரன். எட்டாம் வகுப்போடு பள்ளிக்கூடத்தை விட்டுவிட்டுத் தகரக் கூரைகள் மேல் வயர் இழுக்கப் போனவன். இப்போது எங்கள் சந்துகளுக்கென்று ஒரு லோக்கல் சேனல் நடத்துகிறேன். சபை ஆராதனை, கோயில் கொடை, கல்யாண வீடியோ, பழைய பாட்டு எல்லாம் ஓடும். நடுநடுவே மைக்கைப் பிடித்து, இன்றைக்குக் குழாய்த் தண்ணீர் தாமதம், இன்னார் வீட்டுப் பிள்ளையைக் காணவில்லை, இன்னார் வீட்டுப் பிள்ளை கிடைத்துவிட்டது என்று அறிவிப்பேன்.

சேனல் நடக்கிற இடத்துக்குக் கண்ட்ரோல் ரூம் என்று பெயர். பெயர்தான் பெரிது. எங்கள் வீட்டுக்கு மேலே ஏணி வைத்து ஏறுகிற ஒரு தட்டு. நின்றால் தலை இடிக்கும். எப்போதும் சூடான பிளாஸ்டிக் வாசம் அடிக்கும்.

அங்கே ஒரு பொத்தான் உண்டு. மேலே தள்ளினால் கம்ப்யூட்டரில் ஓடுவது எல்லா வீட்டுக்கும் போகும். கீழே தள்ளினால் எனக்கு மட்டும். அந்த ஞாயிறு ஆராதனை முடிந்ததும் அதைக் கீழே தள்ளியிருக்க வேண்டும். தள்ளவில்லை.

ஊரே ஆட்டுக்கறிக் குழம்பு ஊற்றிச் சாப்பிட்டுக்கொண்டு டிவிக்கு முன்னால் உட்கார்ந்திருந்த நேரம் அது.

முத்தம் இருக்குமோ

அந்தப் படம் என் மூத்த மகள் ஜென்சியுடையது. செம்பூரில் ஒரு ஆஸ்பத்திரியில் நர்ஸ். டியூட்டி முடிந்து மாட்டுங்காவுக்குப் போய் ஜெர்மன் படித்துக்கொண்டிருந்தாள். ஜெர்மனியில் ஒரு ஆஸ்பத்திரியில் வேலை கிடைத்தும் விட்டது. வருகிறேன், வரவில்லை என்று திங்கட்கிழமைக்குள் அவள் பதில் சொல்லியாக வேண்டும்.

பதிலை நான் சொல்ல வேண்டும் என்று அவள் ஒரே பிடிவாதம். "நீங்க சரின்னா சரி, இல்லன்னா இல்ல. மூஞ்சியத் தூக்கி வச்சிக்கிட மாட்டேன்" என்றாள். இதற்கு அவள் சண்டையே போட்டிருக்கலாம். சண்டை போட்டால் நானும் கத்தியிருப்பேன், ஏதாவது ஒரு பக்கம் முடிந்திருக்கும். இப்படிப் பந்தை என் கையில் கொடுத்துவிட்டு அவள் நிம்மதியாகத் தூங்கினாள். நான் பல வாரமாக, பார்ப்போம், பார்ப்போம் என்று சொல்லிக்கொண்டு திரிந்தேன்.

எனக்கு எதற்கெடுத்தாலும் பயம். அவள் போகப்போகும் ஊரின் வானிலையை என் மொபைலில் வைத்திருந்தேன். அங்கே பனி என்று காட்டினால் இங்கே தாராவி வெயிலில் எனக்கு மூக்கு அடைக்கும். பனியில் வழுக்கி விழுந்தால் யார் தூக்குவார்கள்? ஆஸ்பத்திரிக்குத் தூக்கிப் போவார்கள் என்றால், அங்கே இவள்தானே நர்ஸ், இவளை யார் பார்ப்பார்கள்? விக்ரோலியில் ஒரு பெண் ஏற்கெனவே போய் வந்திருக்கிறாள் என்று கேள்விப்பட்டு, ரயிலேறிப் போய் அவள் அப்பாவிடம் விசாரித்தேன். நல்ல ஊர், ஒரு பயமும் இல்லை என்றார். ஒரு பயமும் இல்லை என்று ஒரு மனுஷன் சொன்னால் எதையோ மறைக்கிறான் என்றுதான் எனக்குத் தோன்றும்.

ஜெர்மன் டீச்சர், பேச்சைக் கேட்டுப் பழக நல்லது என்று ஒரு பென் டிரைவில் அந்தப் பழைய படத்தைக் கொடுத்திருக்கிறார். அந்த நாட்டில் வீடு வீடாகப் பார்க்கிற குடும்பப் படமாம். மனைவியை இழந்த ஒரு ஸ்டேஷன் மாஸ்டர், மூன்று பெண் பிள்ளைகளை வளர்க்கிறார். சாயங்காலம் என் மகள்கள் மூன்று பேருமாக உட்கார்ந்து பார்ப்பதாக ஏற்பாடு.

எங்கள் வீட்டிலும் மூன்று பெண்கள். ஜென்சிக்கு அடுத்தவள் ஷீபா, கல்லூரியில் படிக்கிறாள். கடைசி பிரின்சி, பத்தாம் வகுப்பு. எந்தப் படமாக இருந்தாலும் முதலில் நான் பார்த்து, சரி என்ற பிறகுதான் அவர்கள் பார்க்க வேண்டும் என்பது எங்கள் வீட்டுச் சட்டம். வெளிநாட்டுப் படம் வேறு. முத்தம் இருக்குமோ என்று கவலை. பிரசவ வார்டில் வேலை பார்க்கிற பெண்ணுக்கு முத்தத்தை மறைக்கப் போனேன் பாருங்கள். அதற்குத்தான் அந்தப் பென் டிரைவை எடுத்துக்கொண்டு ஏணி ஏறினேன்.

வயரில் போட்ட சடை

இடையில் ஒன்று சொல்லிவிடுகிறேன். அந்தப் படத்தில் ஸ்டேஷன் மாஸ்டர் மகள்களுக்குச் சடை பின்னுகிற ஒரு காட்சி உண்டு. மூன்று பெண்களும் வரிசையாக ஸ்டூலில் உட்கார்ந்திருப்பார்கள். ரயில் வருகிற மணி அடிக்கும். இரண்டாவது பெண்ணின் சடையைப் பாதியில் விட்டுவிட்டு ஓட முடியாமல், சடையைப் பிடித்தபடியே அவளையும் இழுத்துக்கொண்டு பிளாட்பாரத்துக்குப் போவார். ஒரு கையில் கொடி, ஒரு கையில் சடை.

அதைப் பார்த்தபோது, இந்த ஆள் நம்ம ஆள் என்று முடிவு செய்துவிட்டேன்.

என் மனைவி ஸ்டெல்லா காய்ச்சலில் போனபோது பிரின்சி பால்வாடி போய்க்கொண்டிருந்தாள். எனக்குச் சடை பின்னத் தெரியாது. பிள்ளைகள் தலையில் பழகினால் வலிக்கும் என்று, மிச்சம் கிடந்த கேபிள் வயரில் மூன்று துண்டு வெட்டி, ஒரு முனையை ஆணியில் கட்டிப் பழகினேன். வயர் விறைப்பு. அதைப் பின்ன என்ன அழுத்தம் வேண்டுமோ அதே அழுத்தத்தில் ஜென்சி தலையிலும் பின்னியிருக்கிறேன். அன்றைக்குப் பள்ளிக்கூடத்தில் டீச்சர், ஏன் கண்ணை இப்படி விரித்து முழித்துக்கொண்டே இருக்கிறாய் என்று கேட்டாராம். சடை இழுத்த இழுப்பில் பாவம், கண்ணை மூட முடியவில்லை.

சரி, கண்ட்ரோல் ரூமுக்கு வருகிறேன்.

யார் அந்த வில்லன்

மேலே இருந்த டிவியைப் பார்த்ததும் பதறிப்போய்ப் படத்தை நிறுத்திவிட்டு ஒரு ரோஜாப்பூப் படத்தைப் போட்டேன். கீழே ஒரு சிலுவை, சமாதானம் என்ற வார்த்தை. கரண்ட் பிரச்சினை வந்தால் போடுவதற்கென்று வைத்திருப்பது.

உடனே போன் அடித்தது. திட்டு வாங்கத் தயாராகி எடுத்தேன். மளிகைக்கடை அண்ணாச்சி.

"என்னவே ராசு, நல்லா போய்க்கிட்டிருந்த படத்துல ரோசாப்பூவப் போட்டிருக்கீரு?"

தப்பாகப் போய்விட்டது அண்ணாச்சி, அது வேறு நாட்டுப் படம், பாஷை புரியாது என்றேன். பாஷை கிடக்கட்டும், வில்லன் யார் என்று இன்னும் தெரியவில்லையே, அதற்குள் நிறுத்தினால் எப்படி என்று கேட்டார். வில்லன் இல்லாத படம் போலிருக்கிறது என்றேன். அவர் நம்பவில்லை. அந்த மேலதிகாரியின் மீசையைப் பார்த்தாலே தெரிகிறதே என்றார்.

போனை வைப்பதற்குள் ஏணிக்குக் கீழே கூட்டம். முன்னால் நின்றது எதிர்வீட்டுச் சொர்ணம் அக்கா. சாப்பிட்ட கையைக்கூடக் கழுவவில்லை.

"ஏ ராசு, அந்த மூத்த புள்ள பெட்டி கட்டுதா, அப்பன்காரன் கதவுகிட்ட நின்னு பாத்துக்கிட்டு நிக்கான். பாதியில நிறுத்திட்டியே, அவ போனாளா இல்லியா?"

சூப்புக்கு முன்னால் வந்த அந்தப் பெட்டி கட்டுகிற காட்சியை நான் கவனித்திருக்கவில்லை. அந்த நேரத்தில் முத்தம் வருமோ என்று ஓட்டிவிடுகிற பொத்தானில் விரல் வைத்துக் காத்திருந்தேன். கூட்டத்துக்குள் ஒரு பெரிய விவாதமே நடந்துகொண்டிருந்தது. அந்தப் பெண் காதலனோடு ஓடப் பார்க்கிறாள் என்று ஒரு கட்சி. இல்லை, அப்பா ரெண்டாம் கல்யாணம் செய்யப் போகிறார், அதற்குக் கோபித்துக்கொண்டு போகிறாள் என்று இன்னொரு கட்சி. அந்த இரண்டாம் கட்சிப் பெண்கள் என்னை ஒரு மாதிரி பார்த்தார்கள். எனக்கு வேர்த்தது.

அந்தச் சமயம் பார்த்து என் மகள்கள் மூன்று பேரும் ஏணிக்கு வந்தார்கள். ஜென்சி முகத்தில் கோபமா சிரிப்பா என்று தெரியவில்லை.

"எப்பா, என் பென் டிரைவ ஊருக்கே போட்டுக் காட்டியாச்சா?"

"பப்பா, ஏக்தம் வைரல்" என்றாள் பிரின்சி. ஒரேயடியாகப் பரவிவிட்டதாம். அவளுக்கு எல்லாம் கொண்டாட்டம்.

அந்தப் பெண் எங்கேதான் போகிறாள் என்று சொர்ணம் அக்கா ஜென்சியைப் பிடித்துக்கொண்டார். அவள் சொன்னாள், பெரிய ஊருக்குப் படிக்கப் போகிறாள், அப்பா விட மாட்டேன் என்கிறார் என்று. எங்கள் வீட்டு விஷயம் அந்தச் சந்தில் யாருக்கும் தெரியாதது இல்லை. எல்லாரும் ஒரே நேரத்தில் என்னைப் பார்க்காமல் வேறு எங்கோ பார்த்தார்கள்.

"அப்ப போடு படத்த. இந்தப் புள்ளயவே மைக்குல சொல்லச் சொல்லு, எங்களுக்கும் புரியட்டும்" என்று சொல்லிவிட்டு அக்கா கை கழுவப் போனார்.

நாய்க்குக் குரல் பிரின்சி

நான் மாட்டேன் என்றேன். அனுமதி இல்லாமல் படம் போட்டால் ஜெர்மன்காரன் கேஸ் போடுவான் என்றேன். தாராவிச் சந்தில் சூப்பு பொங்கியதற்கு எந்த ஜெர்மன்காரன் வருவான் என்று ஷீபா கேட்டாள். அதற்குள் ஜென்சி ஏணி ஏறி மைக்கைத் துடைத்துக்கொண்டிருந்தாள். தலை இடிக்கிற அந்தத் தட்டில் நாங்கள் நான்கு பேரும் முட்டிக்கு முட்டி இடிக்க உட்கார்ந்தோம்.

ஜென்சிக்குத் தெரிந்தது ஆஸ்பத்திரி ஜெர்மன். எங்கே வலிக்கிறது, எத்தனை நாளாக, மூச்சை இழுத்து விடுங்கள், இப்படித்தான் அவர்களுக்குச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். படத்தில் பேசுகிறவர்களுக்கு வலி எதுவும் இல்லை. அதனால் பாதியைப் புரிந்து சொன்னாள், மீதியை அடித்துவிட்டாள். முதலில் ஒருத்தியாகவே எல்லாருக்கும் பேசினாள். பிறகு சின்னப் பெண்களுக்கு அவர்களே பேசட்டும் என்று ஆளுக்கொன்றாகப் பிரித்துவிட்டாள். நடு மகளும், வேலைக்கு வந்து வந்து ஓடிப்போகிற அத்தனை வேலைக்காரிகளும் ஷீபா. கடைசி மகளும் நாயும் பிரின்சி.

நாய் பெரிய வெற்றி. படத்தில் நாய் சும்மா படுத்திருந்தாலும் பிரின்சி குரைத்தாள். ஒரு வேலைக்காரி மூட்டையைக் கட்டிக்கொண்டு போகிற இடத்தில், "இந்த வீட்டுல மனுசி இருப்பாளா? ரயிலேறிக் கல்யாணுக்கே போறேன், எங்க அக்கா வீட்டுக்கு" என்று ஷீபா சொல்லவும், தகரச் சுவரெல்லாம் அதிர்ந்தது. ஊரே ஒரே நேரத்தில் சிரிப்பதை ஒரு சிறு பெட்டிக்குள் உட்கார்ந்து கேட்பது எப்படி இருக்கும் என்று என்னால் சொல்லத் தெரியவில்லை. மழை முதலில் தூரத்துக் கூரையில் விழுந்து, பிறகு நம் கூரைக்கு வருமே, அந்த மாதிரி வந்தது.

பிரச்சினை படத்து அப்பாவால் வந்தது. ஷீபா ஆண் குரலில் பேசினால் அவளுக்கே சிரிப்பு வந்து மைக்கில் துப்பினாள். ஜென்சி மைக்கை என் பக்கம் திருப்பினாள்.

"எப்பா, நீங்க பேசுங்க. நான் காதுல சொல்லுதேன், நீங்க அப்படியே சொல்லுங்க."

எனக்குக் குழாய்த் தண்ணீர் அறிவிப்புத்தான் தெரியும். ஸ்டேஷன் மாஸ்டரின் முதல் வசனத்தையும் அதே ராகத்தில்தான் சொன்னேன். "பெரியோர்களே தாய்மார்களே" என்று வாயில் வந்துவிட்டது. கீழே விசில் பறந்தது. அப்புறம் மெல்ல மெல்லப் பிடிபட்டது. அவர் மகளைத் திட்டினார், நானும் திட்டினேன். அவர் மன்னிப்புக் கேட்டார், நானும் கேட்டேன். மகளுக்கு அவர் மப்ளர் சுற்றிவிட்டபோது ஜென்சி காதில் ஒன்றும் சொல்லவில்லை, ஆனாலும் நானாக, "காத மூடிக்க மக்கா, காத்து அடிக்குது" என்றேன். சரியாகத்தான் இருந்தது. யாருக்கும் வித்தியாசம் தெரியவில்லை.

பிளாட்பாரம்

பிறகு அந்தக் காட்சி வந்தது.

பனி கொட்டுகிற பிளாட்பாரம். ரயில் நிற்கிறது. மூத்தவள் பெட்டி வாசலில் ஏறி நிற்கிறாள். தங்கைகள் இரண்டு பேரும் அழுதுகொண்டு கீழே. ஸ்டேஷன் மாஸ்டர் கையில் கொடி. அவர் அசைத்தால்தான் ரயில் போகும். அவர் அசைக்கவில்லை. டிரைவர் எட்டிப் பார்க்கிறார். பயணிகள் எட்டிப் பார்க்கிறார்கள். ரயில் நிற்கிறது.

பிறகு மனிதர் மகளிடம் நடந்து வந்து, அவள் முகத்தைப் பார்த்து, வாயைத் திறந்தார்.

நான் காதை ஜென்சி பக்கம் சாய்த்தேன். அவள் ஒன்றும் சொல்லவில்லை. திரும்பிப் பார்த்தேன். அவள் திரையைப் பார்க்கவில்லை, என்னைத்தான் பார்த்துக்கொண்டிருந்தாள். மைக் திறந்திருந்தது. அதில் எங்கள் நாலு பேர் மூச்சும் ஊருக்கெல்லாம் போய்க்கொண்டிருந்தது. எங்கோ ஒரு வீட்டில் குக்கர் விசில் அடித்தது. யாரோ அதை வேகமாக அணைத்தார்கள்.

"போயிட்டு வா மக்கா" என்றேன்.

குரல் எனக்கே அடையாளம் தெரியவில்லை. தண்ணீர் அறிவிப்புக் குரல் எங்கேயோ போய்விட்டது.

"இவளுவள நான் பாத்துக்கிடுவேன். என்னைய இவளுவ பாத்துக்கிடுவாளுவ. நீ சாப்பாட்டப் பாத்துக்க. தெனம் தெனம் பேசணும்னு இல்ல. ரெண்டு நாளைக்கு ஒருக்க பேசு. இல்ல, தெனமும் பேசு, ஒரு நிமிசம் போதும். பனியில மெள்ள நட. தனியா மெழுகு மாதிரி உருகிக்கிட்டு உக்காந்திருக்காத, நாலு பேரோட பழகு. வேல புடிக்கலன்னா வந்துரு. வந்தா யாரும் ஒண்ணும் கேக்க மாட்டோம். புடிச்சிருந்தா இரு..."

ஷீபா என் முட்டியைத் தட்டினாள். பார்த்தால், படத்தில் அந்த மனிதர் எப்போதோ வாயை மூடிவிட்டார். கொடியும் அசைத்துவிட்டார். ரயில் புறப்பட்டு, வளைவில் திரும்பி, கடைசிப் பெட்டியும் மறைந்துவிட்டது. வெறும் தண்டவாளத்தையும் பனியையும் காட்டிக்கொண்டிருந்தார்கள். அதன் மேல் என் குரல் மட்டும் ஓடிக்கொண்டிருந்தது.

என்ன செய்வதென்று தெரியாமல் பிரின்சி குரைத்தாள்.

திரும்ப எடுக்க முடியாதது

படம் முடிந்து மைக்கை அணைத்தபோது எனக்குத் திக்கென்றது. வீட்டுக்குள் சொன்ன சொல் என்றால், மறுநாள் காலையில் எழுந்து, நான் யோசித்துப் பார்த்தேன் என்று ஆரம்பிக்கலாம். அப்படி நான் எத்தனையோ தடவை ஆரம்பித்திருக்கிறேன். இது எங்கள் சந்து முழுக்கப் போன சொல். என் கையால் இழுத்த வயரில், என் கையால் முறுக்கிய ஒவ்வொரு முனை வழியாகவும் போயிருக்கிறது.

அண்ணாச்சி போன் செய்து, வில்லன் கடைசி வரை வராதது ஒரு குறைதான், மற்றபடி நல்ல படம், பிள்ளைக்கு எப்போது பிளைட் என்று கேட்டார். சொர்ணம் அக்கா கீழே நின்று, நார்த்தங்காய் ஊறுகாய் பிளைட்டில் விடுவார்களா என்று யாரிடமோ விசாரித்துக்கொண்டிருந்தார். ஒருவர்கூட என்னிடம் வந்து, அது நிஜமாகச் சொன்னதா படத்துக்காகச் சொன்னதா என்று கேட்கவில்லை. கேட்டிருந்தால் ஒருவேளை நழுவியிருப்பேன்.

ஷீபாவும் பிரின்சியும் பாராட்டு வாங்கக் கீழே இறங்கிவிட்டார்கள். ஜென்சி பென் டிரைவைக் கழற்றித் துப்பட்டா முனையில் முடிந்துகொண்டாள். மொபைலை எடுத்து ஏதோ தட்டினாள். அனுப்பிவிட்டேன் என்றாள். திங்கட்கிழமை வரைக்கும்கூட அவள் காத்திருக்கவில்லை. நான் மனசு மாற ஓர் இரவு போதும் என்று அவளுக்குத் தெரியாதா.

ஏணியில் ஒரு காலை வைத்தபடி திரும்பினாள். கண் சிவந்திருந்தது, ஆனால் சிரித்துக்கொண்டிருந்தாள்.

"எப்பா, அந்த எடத்துல அவரு அதெல்லாம் சொல்லல."

"பின்ன? என்னதான் சொன்னாரு?"

"சன்னல மூடிக்க, இஞ்சின் புகை உள்ள வரும்னாரு. அவ்வளவுதான்."

நான் அந்தப் பொத்தானை ஞாபகமாகக் கீழே தள்ளினேன்.

"அதையும் சொல்லணும்னுதான் இருந்தேன் மக்கா" என்றேன். "அதுக்குள்ள ரயிலு போயிட்டு."